கஞ்சுகம் என்னும் பழஞ்சொல்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



பாலாவிக் கரையில் எழுந்தருளியிருக்கும் கேதீச்சரப் பெருமானையும் கௌரியம்மையையும் மனத்திற் கொண்டு உங்கள் முன் நிற்கின்றேன். வாலிபர்க்குப் பயன்படும் பொருளொன்றைப் பேசவேண்டும் என்று சங்கத்தார் பணித்தனர். பெரிய பொருள்களைப் பேசவல்ல பெரியோர்கள் பலர் இங்கே இருக்கின்றனர். ஆதலின் யான் ஒரு சிறிய பொருளையே எடுத்துக்கொண்டேன். அது ஒரேயொரு சொல். கஞ்சுகம் என்பது அச்சொல்.

இன்று பேச்சு வழக்கில் இல்லாத சொல் இது. மன்னார்ச் சந்தையிலே துணிக்கடைக்காரரிடம் சென்று, "ஐயா, ஒரு கஞ்சுகம் தாரும்" என்று கேட்டால் அவர் நம் முகத்தைப் பார்ப்பார். உடம்பை மேலே மூடும் நீண்ட சட்டைக்கும் அங்கிக்கும் முன்னோர் வழங்கிய பெயர்களுள் ஒன்று அது. தமிழகராதியையும் வடமொழி அகராதியையும் ஒருங்கே வைத்துப் பார்த்தால், சட்டை, போர்வீரன் அணியும் கவசம், பெண்டிர் கச்சு, பாம்பு உரித்த தோல், நெல் முதலியவற்றின் உமி என்று பொருள்கள் விரிகின்றன. சைவ சித்தாந்த நூல்களுக்குச் சென்றாலோ, அங்கே உயிரே ஐந்து கஞ்சுகங்களை அணிந்து நிற்கின்றது!

ஒரு சட்டையின் பெயர் உயிரின் இலக்கணத்தைக் கூறும் உயரத்துக்கு எவ்வாறு ஏறிற்று? அந்த ஏற்றத்தினால் நமக்கு ஆவது என்ன? இவ்விரண்டையும் இன்று ஆராய்வோம்.

சொல்லின் பிறப்பு

கஞ்சுகம் வடசொல். கட்டுதல் என்னும் பொருளுடைய தாதுவொன்றிலிருந்து அது பிறந்ததென்று வடமொழி இலக்கணத்தார் கூறுவர். உடம்போடு சேர்த்துக் கட்டப்படுவது கஞ்சுகம். அதன் வழிச்சொற்கள் வடநாட்டில் இன்றும் வாழ்கின்றன. இராசத்தானத்துப் பெண்கள் அணியும் இரவிக்கைக்குக் காஞ்சளி என்று பெயர். இந்தி பேசுவோர் பாம்புரியைக் கேஞ்சுலி என்பர். ஒரு தாயின் பிள்ளைகள் இருவர். ஒருத்தி மனிதர் மேலும், மற்றவள் பாம்பின் மேலும் தங்கிவிட்டனர். தமிழிலே கஞ்சுளி என்றொரு சொல் உண்டு. சட்டைக்கும் பரதேசிகள் தோளில் மாட்டும் பைக்கும் அது பெயர்.

இளைஞர் ஒருவர் எழுந்து, "வடசொல்லாயின் அது நமக்கெதற்கு?" என்று கேட்கலாம். கேட்கவேண்டிய கேள்விதான். வடசொல்லைத் தமிழில் எடுத்தாளுதற்குத் தொல்காப்பியரே விதி வகுத்திருக்கின்றார். வடவெழுத்தை நீக்கித் தமிழ் எழுத்தோடு பொருந்தச் செய்க என்பது அவ்விதியின் கருத்து. கஞ்சுகம் என்னும் சொல்லிலோ நீக்கவேண்டிய எழுத்து ஒன்றேனும் இல்லை. எல்லாம் இருமொழிக்கும் பொதுவெழுத்து. ஆதலின் அது உருவம் மாறாமலே உள்ளே வந்தது. இத்தகைய சொல்லைத் தற்சமம் என்பர்.

அது வருமுன் தமிழனுக்குச் சட்டைக்குப் பெயர் இல்லாமற் போகவில்லை. பத்துப்பாட்டுள் ஒன்றாகிய முல்லைப்பாட்டிலே, பாசறையைக் காவல் காக்கும் யவனர் மெய்ப்பை அணிந்திருக்கின்றனர். மெய்யை இட்டு வைக்கும் பை மெய்ப்பை. எவ்வளவு பொருத்தமான சொல்! அதே பாட்டிலே, மொழி தெரியாமல் கைச்சாடையாற் பேசும் மிலேச்சர் அணிந்த சட்டைக்குப் படம் என்று பெயர். குப்பாயம் என்பதும் பழைய தமிழ்ச் சொல்லே. வெப்பம் மிகுந்த நாட்டிலே இடையில் ஓர் ஆடையும் தோளில் ஓர் ஆடையும் போதும். தைத்த சட்டை அணிந்து வந்தவர் பெரும்பாலும் அயலவர். அல்லது அரசனின் பணியாளர். ஆகவே சட்டையைக் குறிக்கும் சொற்கள் பலவும் கப்பலிற் பயணம் செய்தவை.

இதை மன்னார்க் கரையிலுள்ள நமக்கு எவரும் விளக்கவேண்டியதில்லை. மாதோட்டம் என்னும் மாந்தைத் துறைமுகம் உலகறிந்தது. 1980ஆம் ஆண்டு தொடங்கி அங்கே நிகழ்ந்த அகழ்வாராய்ச்சியில் பாரசீகப் பகுதியிலிருந்தும் சீனத்திலிருந்தும் வந்த மட்பாண்டத் துண்டுகள் கிடைத்தன. பாண்டம் வந்த கப்பலில் ஆடையும் வந்தது. ஆடையோடு பெயரும் இறங்கியது. கபாய் என்னும் நீண்ட அங்கியின் பெயர் அரபு மொழியிலிருந்து வந்தது. களிசானும் சப்பாத்தும் போர்த்துக்கேயர் தந்தவை. சேட்டு ஆங்கிலேயர் தந்தது. இவற்றையெல்லாம் நாள்தோறும் கூச்சமின்றிச் சொல்லும் நாம், கஞ்சுகத்தை மட்டும் வாயிலில் நிறுத்தி விசாரிப்பது முறையாகாது. மெய்ப்பையையும் மீட்டெடுப்போம், கஞ்சுகத்தையும் காப்போம்.

அணிந்தவர் யார்?

இனி, இந்தக் கஞ்சுகத்தை அணிந்தவர் யார் யார் என்று பார்ப்போம்.

முதலில் வருபவர் தூதர். சிலப்பதிகாரத்து வஞ்சிக் காண்டத்திலே, சேரன் செங்குட்டுவன் வடதிசை செல்லும் வழியில் நீலகிரியில் தங்குகின்றான். நூற்றுவர் கன்னர் அனுப்பிய சஞ்சயன் என்பான், கஞ்சுக முதல்வர் ஆயிரவரோடு அங்கே வந்து காண்கின்றான். பின்னர், சிறைப்பட்ட வடவரசரைச் சோழனுக்கும் பாண்டியனுக்கும் காட்டிவருமாறு செங்குட்டுவன் நீலன் என்பானையும் பிற கஞ்சுக மாக்களையும் அனுப்புகின்றான். அவ்விரு வேந்தரும் அதைப் பாராட்டவில்லை. களத்தில் தோற்றுத் தவவேடம் பூண்டு ஓடியவரைப் பிடித்தல் வெற்றியாகாது என்று இகழ்ந்தனர். நீலன் திரும்பி வந்தான். தன் அரசனுக்குக் கசக்கும் அந்தச் சொல்லை ஒளிக்காமல் அப்படியே எடுத்துரைத்தான்.

இங்கே இரண்டு வகை ஆடை இருப்பதைக் கவனியுங்கள். வடவரசர் அணிந்தது உயிர் தப்புவதற்காகப் பூண்ட தவவேடம். நீலன் அணிந்தது கடமையின் கஞ்சுகம். முன்னது ஆளை மறைத்தது. பின்னது அணிந்தவனை உண்மை பேச வைத்தது.

இரண்டாவது வருபவர் அரண்மனைக் காவலர். வடமொழி நாடகங்களிலே அந்தப்புரத்தைக் காக்கும் முதியவருக்குக் கஞ்சுகி என்று பெயர். கஞ்சுகம் அணிந்தவர் கஞ்சுகி. காளிதாசரின் சாகுந்தலத்திலே அத்தகைய கஞ்சுகி ஒருவர் வருகின்றார். பதவியின் அடையாளமாக இளமையிற் பெற்ற கோலே, இப்பொழுது தள்ளாடும் நடைக்கு ஊன்றுகோலாகிவிட்டது என்று அவர் தமக்குள் நொந்துகொள்கின்றார். பதவிச் சின்னம் பழையபடியே இருக்கிறது. அதைப் பிடித்த கை தளர்ந்துவிட்டது. இச்சபையிலுள்ள முதியோர் இதனை என்னிலும் நன்கு உணர்வர்.

மூன்றாவது வருபவர் நமக்கு மிக அணுக்கமானவர். கஞ்சுகன் என்னும் சொல்லுக்கு வைரவர் என்றும் தமிழகராதி பொருள் கூறும். ஆலடியிலும் அரசடியிலும் சூலம் நாட்டி நாம் வழிபடும் வைரவரே சட்டை அணிந்த பெருமான். சீகாழியிலே அவருக்குச் சட்டைநாதர் என்று திருப்பெயர். மூவுலகளந்த பின் செருக்குற்ற திருவிக்கிரமனை அடக்கி, அத்தோலையே சட்டையாகப் போர்த்தார் என்பது அத்தலத்து வரலாறு. நம் கேதீச்சரத்தைப் பதிகம் பாடிப் பரவிய ஞானசம்பந்தப் பிள்ளையார் பிறந்தருளிய ஊரும் அந்தச் சீகாழியே.

மனிதரும் தெய்வமும் மட்டுமன்றி, கட்டடமும் கஞ்சுகம் அணிந்ததுண்டு. பாளி மொழியிலுள்ள மகாவம்சத்திலே மகியங்கணைத் தாதுகோபத்தின் வரலாறு கூறப்படுகின்றது. பழைய சிறு தூபியை இடிக்காமல், அதை உள்ளே வைத்து, மேலே 80 முழ உயரத்தில் துட்டகைமுனு மன்னன் மற்றொன்றை எழுப்பினான். அந்த மேற்கட்டடத்துக்கு அந்நூலாசிரியர் இட்ட பெயர் கஞ்சுக சேதியம். சட்டை போர்த்த சேதியம் என்பது பொருள். இந்தச் சொல் ஈழ நாட்டிலே எவ்வளவு பழையது என்பதற்கு இது ஒரு சான்று. இக்கருத்தைச் சற்றே மனத்தில் வைத்திருங்கள். பின்னர் இதனிடம் திரும்புவோம்.

பாம்பும் சட்டையும்

சட்டையிலிருந்து உயிருக்கு ஏறுவதற்குப் படியாக நின்றது பாம்பு. பனங்கூடலிலும் வேலியடியிலும் வெள்ளையாய்க் காற்றில் அசையும் பாம்புச் சட்டையை நீங்கள் எல்லீரும் கண்டிருப்பீர்கள். வடமொழியில் கஞ்சுகம் என்பதற்குச் சட்டை, பாம்புரி என இரு பொருளும் உள. தமிழிலும் சட்டை என்றால் உடுப்பு. பாம்பு சட்டை கழற்றியது என்றும் சொல்கின்றோம். இரண்டு மொழியாரும் ஒரே காட்சியைக் கண்டு ஒரே முறையிற் பெயரிட்டிருக்கின்றனர். கஞ்சுகி என்பதற்குப் பாம்பு என்றும் ஒரு பொருள் உண்டு. பாம்புக் கிரகமாகிய கேதுவின் பெயரோடு தொடர்புடைய தலத்தில் வாழும் நமக்கு இது பொருத்தமான உவமையே.

பாம்பு சட்டை கழற்றும் முறையை ஊன்றி நோக்கவேண்டும். உள்ளே புதிய தோல் முற்றிய பின்னரே பழைய தோல் கழலும். அதற்குச் சில நாளின் முன் அதன் கண் பாலாடை படர்ந்தாற்போல் மங்கிவிடும். பின்னர்க் கண் தெளியும். அதன்பின் கல்லிலோ மரத்திலோ வாயோரத்தை உரசும். உதட்டில் தொடங்கி, காலுறையைக் கழற்றுவது போல் உட்புறம் வெளியாக மறிந்து தோல் கழன்றுவிடும். பாம்பு தன் வழியே போகும். கழற்றியதைத் திரும்பிப் பார்ப்பதில்லை.

உயிர் ஓர் உடம்பை விட்டு மற்றோர் உடம்புக்குச் செல்வதை விளக்கவந்த மெய்கண்டதேவர், சிவஞானபோதத்து இரண்டாஞ் சூத்திரத்திலே மூன்று உவமைகளைக் காட்டுகின்றார். பாம்பு தோலை விட்டு நீங்குதல் ஒன்று. நனவை விட்டுக் கனவுக்குச் செல்லுதல் ஒன்று. கூடுவிட்டுக் கூடு பாய்தல் ஒன்று. மரணத்தைக் கண்டு நடுங்கும் மனிதனுக்கு இதைவிட எளிதாக எவர் ஆறுதல் சொல்லமுடியும்? கிடப்பது சட்டை. போனது வேறு.

ஐந்து கஞ்சுகம்

சித்தாந்தம் இதனோடு நிற்கவில்லை. புறத்தே தோன்றும் உடம்பு ஒரு சட்டை என்றால், அதற்கு உள்ளே நுண்ணியவாகிய ஐந்து சட்டைகள் உள என்கின்றது. முப்பத்தாறு தத்துவங்களுள் வித்தியா தத்துவம் ஏழு. அவற்றுள் காலம், நியதி, கலை, வித்தை, அராகம் என்னும் ஐந்தும் பஞ்ச கஞ்சுகம் எனப்படும். இவ்வைந்தையும் அணிந்து, இன்ப துன்பங்களை நுகர்வதற்கு ஆயத்தமாகி நிற்கும் உயிருக்குப் புருடன் என்று பெயர்.

நூற்பயிற்சி இல்லாதாரும் அறியுமாறு இவற்றின் தொழிலைக் கூறுகின்றேன். உயிர் ஆணவ இருளில் மூழ்கிச் செயலற்றுக் கிடக்கின்றது. கலை என்னும் தத்துவம் அவ்விருளைச் சிறிதே விலக்கி, உயிரின் செயலாற்றலை எழுப்புகின்றது. வித்தை அறிவை எழுப்புகின்றது. அராகம் விருப்பத்தை எழுப்புகின்றது. காலம், கழிந்தது நிகழ்வது வருவது என்று அனுபவத்தை அளந்து கொடுக்கின்றது. நியதி, அவரவர் செய்த வினையின் பயனை அவரவரே நுகருமாறு நிறுத்துகின்றது. ஒருவர் விதைத்ததை மற்றொருவர் அறுத்துக்கொண்டு போகவிடாது.

இவற்றுள் அராகம் என்னும் சொல்லிலே ஓர் அழகுண்டு. வடமொழியில் இராகம் என்றால் முதற்பொருள் சாயம், நிறம் என்பன. துணியிற் சாயம் ஏறுவது போல மனத்தில் ஏறுவதாகலின் ஆசைக்கும் அது பெயராயிற்று. மன்னார்க் கரை ஒரு காலத்தில் சாயவேருக்குப் பெயர் பெற்றது. ஒல்லாந்தர் ஆட்சிக் காலத்திலே இப்பகுதி மணலில் அவ்வேரைத் தோண்டி எடுத்தனர். துணிக்குச் சிவப்பு ஏற்றுவது அந்த வேர். ஏறிய சிவப்பு எளிதில் மங்காது. ஆசையும் அத்தகையது. எதைச் சார்கின்றோமோ அதன் வண்ணமே ஆகிவிடுவது உயிரின் இயல்பு என்று நம் நூல்கள் கூறுவதன் உண்மை இங்கே விளங்கும். எந்தச் சாயத்தொட்டியில் நம் துணியை நனைக்கின்றோம் என்பதிலேதான் எல்லாம் இருக்கின்றது.

சட்டை பகையா, உறவா?

இங்கே ஒரு நுட்பமான கேள்வி எழும். உயிரின்மேற் கிடக்கும் இந்தச் சட்டைகள் பகையா, உறவா?

காசுமீர சைவரும் இவ்வைந்தையும் கஞ்சுகம் என்றே வழங்குவர். ஆனால் அவர்கள் கொள்கையிலே, எல்லையற்ற சிவமே தன்னைச் சுருக்கிக்கொண்டு உயிராகின்றது. கஞ்சுகங்களே அச்சுருக்கத்தைச் செய்பவை. எல்லாம் வல்ல தன்மையைக் கலை குறைக்கும், எல்லாம் அறியும் தன்மையை வித்தை குறைக்கும், மற்றவையும் இவ்வாறே. அங்கே கஞ்சுகம் என்றால் மறைப்பு.

நமது சித்தாந்தமோ வேறு வகையாக நோக்குகின்றது. உயிர் வேறு, சிவம் வேறு. உயிரை அநாதியே மறைத்து நிற்பது ஆணவம். மாயையிலிருந்து வந்த கஞ்சுகம் அந்த இருளிலே ஏற்றிய கைவிளக்கைப் போன்றது. கைவிளக்கின் ஒளி சிறிது. ஆயினும் விடியும் வரைக்கும் அதைக் கொண்டே நடக்கவேண்டும். கதிரவன் எழுந்த பின் எவரும் விளக்கைப் பிடித்துக்கொண்டு திரிவதில்லை. விடியுமுன் அதை ஊதி அணைப்பவனும் அறிவுடையவன் அல்லன்.

கஞ்சுகத்துக்கு உமி என்றும் ஒரு பொருள் உண்டென்று முன்னே கூறினேன். கட்டுக்கரைக் குளத்து நீர் பாயும் வயல்களிலே வேலை செய்யும் நம் கமக்காரருக்கு இதன் உண்மை தெரியும். உமியோடு உண்ண முடியாது. ஆனால் உமி நீங்கிய அரிசியை விதைத்தால் முளையாது. விதைக்குங் காலத்தில் உமி வேண்டும். உண்ணுங் காலத்தில் உமி நீங்கவேண்டும். காலமறிந்து காப்பதும் காலமறிந்து நீக்குவதுமே கமத்தொழில். பாம்பும் உள்ளே புதுத்தோல் முற்றாமல் பழையதைக் கழற்றுவதில்லை.

ஆகவே கஞ்சுகம் என்னும் இச்சொல் நமக்கு இரண்டு பாடம் சொல்கின்றது. சட்டையை ஆளென்று மயங்காதே என்பது ஒன்று. சட்டை தானே என்று இகழ்ந்து, வேளை வருமுன் கிழித்தெறியாதே என்பது மற்றொன்று. முதற்பாடத்தை மட்டும் கற்றவன் உலகத்தை வெறுத்துச் சோம்பிக் கிடப்பான். இரண்டாவதை மட்டும் கற்றவன் ஆடம்பரத்தில் அழிவான். இரண்டையும் ஒருங்கே கொள்வது சித்தாந்த நெறி.

கேதீச்சரம் காட்டும் உண்மை

மகாவம்சம் தூபியின் மேற்கட்டடத்தைக் கஞ்சுகம் என்றதை நினைவில் வைக்குமாறு கேட்டேன் அல்லவா? கோயிலும் ஒரு கஞ்சுகமே. மதிலும் மண்டபமும் கோபுரமும் உள்ளே எழுந்தருளியிருக்கும் பெருமானுக்குப் போர்த்திய சட்டைகள். இதை நூலிற் படித்தறியவேண்டியவர் அல்லர் மன்னார்ச் சைவர். நம் ஊரின் வரலாறே இதனைக் காட்டுகின்றது.

1560ஆம் ஆண்டிலே போர்த்துக்கேயர் மன்னாரைக் கைப்பற்றிக் கோட்டை கட்டினர். அந்நூற்றாண்டிலே திருக்கேதீச்சரம் இடிக்கப்பட்டது. அதன் கற்கள் கோட்டைக்குச் சென்றன என்பது வழிவழிச் செய்தி. கோயில் இருந்த இடம் காடாயிற்று. தலைமுறைகள் பல கழிந்தன. ஆயினும் தேவாரம் ஓதுவார் வாயிலே கேதீச்சரம் என்னும் பெயர் மாயவில்லை. 1872ஆம் ஆண்டிலே ஆறுமுக நாவலர் அவர்கள் இத்தலத்தை மீட்கவேண்டும் என்று சைவ மக்களை நோக்கி விண்ணப்பஞ் செய்தார்கள். அதைத் தம் கண்ணாற் காணாமலே 1879இல் மறைந்தார்கள். 1893இல் அந்நிலம் சைவர் கைக்கு வந்தது. பின்னர்க் காட்டை வெட்டி அகழ்ந்தபோது பழைய சிவலிங்கம் வெளிப்பட்டது. சட்டை முழுவதும் கிழிந்து காற்றோடு போய்விட்டது. அணிந்தவர் மண்ணுள் அப்படியே இருந்தார்!

அத்துடன், "சிவலிங்கம் இருக்கின்றதே, கோயில் எதற்கு?" என்று நம் முன்னோர் வாளாவிருக்கவில்லை. 1948இல் திருப்பணிச் சபை அமைத்தனர். மீண்டும் போர் வந்தது. 1990இல் அப்பகுதி இராணுவத்தின் கைக்குள் போயிற்று, அடியார்கள் சிதறினர். போன சனங்கள் திரும்பி வந்து மறுபடியும் விளக்கேற்றினர். கருங்கல்லாலே கோயில் எடுத்து 2022ஆம் ஆண்டிலே குடமுழுக்குக் கண்டனர். கஞ்சுகத்தை அணிந்தவர் பொருட்டே கஞ்சுகத்தைப் பேணவேண்டும் என்னும் இரண்டாவது பாடம் இதுதான்.

அந்த 1990ஆம் ஆண்டை இங்கே இருக்கும் முதியோர் மறக்கமாட்டார்கள். இம்மாவட்டத் தமிழர் பலர் உடுத்த உடையோடு காட்டு வழியாகவும் கடல் வழியாகவும் போயினர். அவ்வாண்டு ஒக்டோபர் மாதத்தில் மன்னார்த் தீவின் முஸ்லிம் மக்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டு, அவர்களும் உடுத்த உடையோடே போயினர். வீடு என்றும் காணி என்றும் பதவி என்றும் நாம் அடுக்கடுக்காய் அணிந்திருந்த கஞ்சுகங்கள் ஓர் இரவிற் கழன்றன. கழன்றபின் எஞ்சியவர் மனிதர். அகதி முகாமிலே ஒரு போர்வைக்காக வரிசையில் நின்றபோது, முன்னே நிற்பவர் எந்தக் குலம், எந்தச் சமயம் என்று கேட்கத் தோன்றியதா? அந்த நாளிற் கற்ற பாடத்தை, வீடு கட்டி ஓடு போட்டபின் மறந்துவிடுவோமாயின் நாம் பட்டதெல்லாம் வீண்.

மன்னாரிலே வேட்டியும் சால்வையும் அணிந்தவர் உண்டு. குருமாரின் நீண்ட அங்கி உண்டு. துப்பட்டி போர்த்த தாய்மார் உண்டு. ஒவ்வொன்றும் அதை அணிபவர்க்கு மதிப்புடையது. அதனைப் பழித்தல் தகாது. துணியைக் கண்டவுடன் ஆளை அளந்துவிட்டதாக எண்ணுதலும் தகாது.

வாலிபர் செய்யத்தக்கது

வாலிப அன்பர்களே, இப்பொழுது உங்களுக்கு ஐந்து கஞ்சுகமும் புத்தம் புதியனவாய் இருக்கின்றன. அவற்றை எவ்வாறு பேணுவது?

கலை உங்கள் கைக்குச் செயலாற்றலைத் தந்திருக்கின்றது. அதைச் சும்மா வைத்திராது, கோயிற் சிரமதானத்திலும் ஊர் வேலையிலும் செலவிடுங்கள். வித்தை அறிவைத் தந்திருக்கின்றது. சோதனைக்கு வேண்டிய அளவோடு நில்லாது, உங்கள் சமய நூல் ஒன்றையேனும் முறையாகக் கற்றுக்கொள்ளுங்கள். முப்பத்தாறு தத்துவமும் எளிதில் விளங்கவேண்டுமாயின் மனவாசகங் கடந்தாரின் உண்மை விளக்கம் என்னும் சிறுநூல் போதும். அராகம் விருப்பத்தைத் தந்திருக்கின்றது. ஆசையே கூடாதென்று நான் சொல்ல வரவில்லை. எந்தச் சாயம் ஏறுகின்றது என்று பார்த்துக்கொள்ளுங்கள். கள்ளும் போதைப் பொருளும் ஏற்றும் சாயம் இலேசிற் போகாது. காலம் உங்களுக்காக நிற்காது. கஞ்சுகியின் கையிலே பதவிக்கோல் ஊன்றுகோலான கதையைக் கேட்டீர்கள். நியதியோ, நீங்கள் விதைத்ததை உங்கள் வாயிலிலேயே கொண்டுவந்து இறக்கும்.

சங்கத்திலே தலைவர், செயலாளர், தனாதிகாரி என்று சிலர் பதவி ஏற்கின்றீர்கள். அதுவும் ஒரு கஞ்சுகம். நீலனுடைய கஞ்சுகமாக அதனை அணியுங்கள். கேட்பவருக்குக் கசந்தாலும் உண்மையைச் சொல்லுங்கள். ஆண்டு முடிந்ததும் அடுத்தவர் கையிற் கொடுத்துவிட்டு, பாம்பு போலத் திரும்பிப் பாராமற் செல்லுங்கள். சங்கங்கள் பல கெட்டுப்போவது, கழற்றவேண்டிய நாளிலே சட்டையைக் கழற்ற மனமில்லாதவராலேதான்.

சங்கப் புலவர் போற்றிய வள்ளல் எழுவருள் பேகன் ஒருவன். மழைக்காலத்திலே மயில் ஒன்று அகவுவதைக் கேட்டான். குளிரால் நடுங்குகின்றதென்று இரங்கித் தன் போர்வையை அதன்மேற் போர்த்தினான். புறநானூறு அப்போர்வையைப் படாம் என்கின்றது. சிறுபாணாற்றுப்படை கலிங்கம் என்கின்றது. மயில் போர்வையை அணியுமா என்று உலகியல் அறிந்தவர் சிரிக்கலாம். ஆனால் அவன் பெயர் இன்றும் நிற்கின்றது. அந்தப் போர்வையைத் தன்னில் ஒரு பகுதியென்று அவன் எண்ணியிருந்தால் கழற்றியிருக்க மாட்டான். அது சட்டை என்று அறிந்திருந்தான்; குளிருக்கு அது வேண்டும் என்பதையும் அறிந்திருந்தான். ஆகவே வேண்டியவர்க்குக் கொடுத்தான்.

இவ்வாண்டு மாரி தொடங்குகின்றது. வாடைக்காற்று வீசும்போது கரைவலைக்குச் செல்லும் குடும்பங்களிலும் குளத்தருகே கொட்டிலில் வாழ்வோரிலும் போர்வையின்றி இருப்போர் பலர். சங்கத்து வாலிபர்கள் வீடுதோறும் சென்று, பெட்டிக்குள் மடித்து வைத்திருக்கும் போர்வைகளைக் கேட்டுப் பெற்று, மார்கழித் திருவாதிரைக்குள் அவர்களிடம் சேர்ப்பிப்பார்களாயின், கஞ்சுகம் என்னும் சொல்லின் பொருளை இம்மன்னார் மறக்காது. தருபவர் பெறுபவரின் சமயத்தைக் கேளாதிருப்பாராக. என் வீட்டிலிருந்து இரண்டு போர்வைகளை முதலிற் பெற்றுக்கொள்ளுமாறு செயலாளரைக் கேட்டுக்கொண்டு என் உரையை முடிக்கின்றேன்.